மூன்று மணிச் சங்கு ஊதாத ஞாயிறு

கார்வர் ஃபால்ஸ் ஊரில் நாலாயிரம் பேர், ஆகஸ்டு மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், பேஸ்பால் ஆட்டத்தின் முதல் பந்திலிருந்து கடைசிப் பந்து வரைக்கும் ஒரு வார்த்தை பேசவில்லை. கைக்குழந்தை அழவில்லை. பாதிரியார் வீட்டு நாய் குரைக்க வாயைத் திறந்து, கொஞ்சம் யோசித்து, மூடிக்கொண்டது. காகித ஆலையின் மூன்று மணிச் சங்கு ஊதவில்லை. அந்த வழியாக வந்த சரக்கு ரயில் சக்கரங்களைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நுனிக்காலில் ஊரைக் கடந்து போயிற்று.

இப்படிச் சொன்னவள் ஆர்டித் ஃபென்ஸ்கி. சொன்ன இடம் ஆற்றோரத்துச் சாப்பாட்டு விடுதி. வெள்ளிக்கிழமை மாலை, ஊரே பொரித்த மீன் சாப்பிட வந்து, மேசை காலியாகும்வரை கையில் பிராந்திக் கோப்பையோடு நிற்கிற நேரம். ஆர்டித்துக்கு அதுதான் மேடை. ஏறக்குறைய நாற்பது வருடமாக இதே கதையை இதே மேசையிலிருந்து சொல்லி வருகிறாள். முதலில் சொன்னபோது ஆயிரம் பேர்தான் வாயை மூடியிருந்தார்கள். வருடா வருடம் ஆள் கூடிக்கொண்டே வந்தது. அப்போது ஊரின் மொத்த மக்கள்தொகையே இரண்டாயிரத்துச் சொச்சம்தானே என்று யாராவது கேட்டால், "கல்லறையில இருக்கறவங்களை விட்டுட்டியே, அவங்களும்தான் பேசலை" என்பாள்.

பக்கத்தில் உட்கார்ந்து மீனிலிருந்து முள்ளை எடுத்துக்கொண்டிருந்தவள் வெர்னா குலாஸ். கதையில் பந்து வீசியது அவள்தான்.

வெர்னா சிரிக்கவில்லை, கோபப்படவும் இல்லை. அவளுக்கு இரண்டுமே அதிகம் வருவதில்லை. மீன் சுட்டால் சூடு தெரியும், ருசி அவ்வளவாகத் தெரியாது. யாராவது கையைப் பிடித்தால் பிடித்திருக்கிறார்கள் என்று தெரியும், அவ்வளவுதான். உலகத்தையே அவள் தோல் கையுறையைப் போட்டுக்கொண்டு தொடுகிற மாதிரி இருந்தது. பழகிவிட்டது. காகித ஆலையில் தாள்களை எண்ணிக் கட்டும் பகுதியில் முப்பது வருடத்துக்கு மேல் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள்; அந்த வேலைக்கு அப்படி இருப்பது வசதியாகக்கூட இருந்தது.

"வெர்னா, மீனை என்ன போஸ்ட்மார்ட்டமா பண்றே? சாப்பிடுடி," என்றாள் ஆர்டித்.

"முள்ளு."

"முள்ளு இருக்கிற ஏரி மீனுதான் நல்ல மீனு. முள்ளில்லாததெல்லாம் கடல்லேர்ந்து பெட்டியில வர்றது. அதைத் தின்னா மூளை பெட்டி மாதிரி ஆயிடும். நம்ம லீலண்டைப் பாரு."

எதிரில் உட்கார்ந்திருந்த லீலண்ட் பணிவாகத் தலையைக் குனிந்துகொண்டான். பகலில் காப்பீடு விற்கிறவன். மாலையில் ஊர்ப் பூங்காச் சபையின் செயலாளர். ஐம்பது வயது ஆகியும் இந்த இரண்டு பெண்களின் முன்னால் அவன் சட்டைப் பொத்தானைச் சரிபார்த்துக்கொள்வான்.

அன்றைக்கு அவன் வந்தது மீனுக்காக அல்ல. பல வருடமாக யாரும் சீந்தாமல் கிடந்த பழைய பெண்கள் பேஸ்பால் லீக்கைப் பற்றி எங்கெங்கிருந்தோ ஆட்கள் விசாரிக்கத் தொடங்கியிருந்தார்கள். போர்க்காலத்தில் ஆண்கள் பட்டாளத்துக்குப் போனபோது, குட்டைப் பாவாடை கட்டிக்கொண்டு, உதட்டுச் சாயம் கலையாமல், முழங்கால் தோல் உரிய உரிய மண்ணில் சறுக்கி விளையாடியவர்களின் லீக். கார்வர் ஃபால்ஸின் அணிக்கு வானம்பாடிகள் என்று பெயர். அவர்கள் விளையாடிய மைதானத்தின் மரவேலியில் ஒரு வெண்கலப் பலகை பதிக்கச் சபை முடிவு செய்திருந்தது. திங்கட்கிழமை வார்ப்பு. அணியின் பெயர் எழுதியாயிற்று. கீழே ஒரு வரி மட்டும் காலியாக இருந்தது.

"வெர்னா குலாஸ், ஹிட் கொடுக்காத ஆட்டம்," என்று அந்தக் காலி வரியைக் காற்றில் விரலால் எழுதிக் காட்டினான் லீலண்ட். எதிர் அணியில் ஒருத்திகூடக் கடைசிவரை பந்தை அடித்து பேஸ் சேராத ஆட்டம்; பந்து வீசுகிறவளுக்கு ஆயுளில் ஒருமுறை வாய்த்தாலே பெரிது. "நீங்க ஆமாம்னு ஒரு வார்த்தை சொன்னா போதும். ஆளு உயிரோட இருக்கும்போது அவங்க வாயால கேக்காம வெண்கலத்துல போடக் கூடாதுன்னு சபையில பிடிவாதமா இருக்காங்க."

"நான் சொல்றேன், போட்டுக்கோ," என்றாள் ஆர்டித். "மூணாவது பேஸ்ல நின்னவ நான். என் கண்ணால பாத்தேன்."

"நீங்க ரயில் நுனிக்கால்ல நடந்ததையும்தான் பாத்தேன்னு சொல்றீங்க."

மேசைக்கு மேசை சிரிப்புப் பரவியது. விடுதியில் எந்த மேசைப் பேச்சும் அந்த மேசைக்கு மட்டும் சொந்தம் இல்லை.

வெர்னா முள்ளைத் தட்டின் ஓரத்தில் வரிசையாக வைத்தாள். "அப்படி ஒண்ணும் நடக்கலை லீலண்ட். பேரு வேண்டாம். அணிப் பேரு போதும்."

ஆர்டித்தின் முகம் கொஞ்சம் சுருங்கியது. அவளுக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான்: அந்த வேலியில் வெர்னாவின் பெயர் இருக்க வேண்டும். அணியில் இருந்தவர்களில் இந்த ஊரில் மிச்சம் இவர்கள் இரண்டு பேர். ஆர்டித் போய்விட்டால் கதை சொல்ல ஆள் இல்லை. வெர்னாவோ கதையே இல்லை என்கிறவள்.

"என்னடி நடக்கலை? ஒன்பது இன்னிங்ஸ் போட்டே. ஒருத்திக்கு ஒரு ஹிட் கிடைக்கலை."

"எனக்கு ஞாபகம் இல்லை."

"ஞாபகம் இல்லேன்னா நடக்கலைன்னு ஆயிடுமா? நீ பொறந்தது உனக்கு ஞாபகம் இருக்கா?"

"ஹிட் கொடுக்காம முடிச்ச பொண்ணை என்ன பண்ணுவாங்க?" என்று வெர்னா லீலண்டைப் பார்த்துக் கேட்டாள். "தோள்ல தூக்குவாங்க. சோடாவை எடுத்துத் தலையில ஊத்துவாங்க. ஜனம் வேலி தாண்டி ஓடி வரும். அந்த ஞாயித்துக்கிழமை ஆட்டம் முடிஞ்சப்போ என்னை யாரும் தொடலை. நான் தனியா நடந்து வந்தேன். முகம் கழுவினேன். பஸ் ஏறி எங்க அப்பா வீட்டுக்குப் போயிட்டேன். மறுநாள் ஊர்ப் பத்திரிகையில ஒரு வரி வரலை. அவ்வளவு பெரிய காரியம் பண்ணினவளை அப்படியா விடுவாங்க?"

லீலண்டுக்கு அது நியாயமாகப் பட்டது. அவன் ஆர்டித்தைப் பார்த்தான்.

"அதான் சொல்றேனே, ஊரே வாயை மூடியிருந்துச்சுன்னு."

"ஆர்டித், அது எனக்கும் தெரியும்," என்றான் லீலண்ட். "ஒரு பிட்சர் ஹிட் கொடுக்காம போட்டுக்கிட்டு இருந்தா பெஞ்சுல யாரும் பேச மாட்டாங்க. பக்கத்துல உக்கார மாட்டாங்க. பேசினா திருஷ்டி, போயிடும். ஆனா அது எப்போ ஆரம்பிக்கும்? அஞ்சாவது, ஆறாவது இன்னிங்ஸ்ல. அதுக்கு முன்னாடி காப்பாத்தறதுக்கு என்ன இருக்கு? நீங்க முதல் பந்துலேர்ந்தே மூடிக்கிட்டாங்கங்கிறீங்க. அங்கதான் உதைக்குது."

"சரியாச் சொன்னே," என்றாள் வெர்னா. "முதல் பந்துக்கே யாரு வாயை மூடுவா?"

"நாங்க மூடினோம்," என்றாள் ஆர்டித்.

"ஏன்?"

ஆர்டித் ரொட்டிக் கூடையைப் பக்கத்தில் இழுத்தாள். இது புதிது. நாற்பது வருடத்தில் அவளிடம் கேள்வி போய்ப் பதில் இல்லாமல் திரும்பியதே கிடையாது. ஆற்றில் பிடித்த மீன் லூத்தரன் சங்கீதம் பாடியதற்குக்கூட அவளிடம் காரணம் இருந்தது. இப்போது ரொட்டியை எடுத்து வெண்ணெய் தடவினாள். தடவிய ரொட்டியில் மறுபடி தடவினாள்.

வெர்னா அதைக் கவனித்தாள். ஆனால் மனது அதன் பின்னால் போகவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமையின் பக்கம் அவள் மனது போவதே இல்லை.

அந்த நாளில் அவளிடம் மிச்சம் இருந்தது கொஞ்சம்தான். காலையில் தங்கியிருந்த வீட்டுக் கூடத்தில் தொலைபேசி மணி அடித்தது. எல்லாரும் பூசைக்குப் போயிருந்த நேரம். வடக்கே உருளைக்கிழங்குத் தோட்டத்திலிருந்து அப்பா, போலிஷ் மொழியில், ரோமன் போய்விட்டான் என்றார். கொரியச் சண்டையில். ரோமன் அவளுடைய தம்பி. களத்துக் கொட்டகைச் சுவரோரம் குந்தி உட்கார்ந்து, அவள் வீசிய பந்தையெல்லாம் பிடித்துப் பிடித்து உள்ளங்கை வீங்கிப்போனவன். "சரிப்பா," என்று சொல்லிவிட்டு அவள் போனை மாட்டினாள். கையுறையை எடுத்துக்கொண்டு மைதானத்துக்குப் போனாள். யாரிடமும் சொல்லவில்லை. சொல்லாதவரை அது இங்கே நடக்கவில்லை.

மைதானத்தில் எதுவும் கேட்கவில்லை. காது செத்துவிட்டது என்று நினைத்தாள். வாய்கள் மூடியிருந்தனவா திறந்திருந்தனவா என்று அவள் பார்க்கவும் இல்லை. கேட்சரின் கையுறையை மட்டும் பார்த்தாள். அதில் பந்து விழுவது மட்டும், எங்கோ தண்ணீருக்கு அடியில் கதவு சாத்துவதுபோலக் கேட்டது. இரண்டு வாரம் கழித்து ஊர் திரும்பினாள். யாரும் ஒன்றும் கேட்கவில்லை. ஒருவருக்கும் தெரியாது, நல்லதாகப் போயிற்று என்று இருந்துவிட்டாள். இன்றுவரை இருந்துவிட்டாள். தம்பியின் படத்தைக்கூட அவள் சுவரில் மாட்டியதில்லை. ஊருக்குத் தெரிந்தவரை அவளுக்குத் தம்பியே கிடையாது, அல்லது அப்படித்தான் அவள் நம்பினாள்.

"சரி, நாய் குரைக்காததை விடுங்க," என்று லீலண்ட் மறுபடி முயன்றான். "ஆலைச் சங்கு ஊதலைன்னு சொல்றீங்களே, அதை எப்படி நம்பறது? வெள்ளம் வந்தப்போகூட அது ஊதிச்சு. எங்க அப்பா அதைக் கேட்டுத்தான் கடிகாரத்துக்குச் சாவி கொடுப்பாரு."

"அன்னிக்கு உங்க அப்பா கடிகாரம் நின்னு போச்சு," என்றாள் ஆர்டித். குரலில் பழைய துள்ளல் இல்லை.

"சும்மா இருங்க."

"ஊதலை."

இது ஆர்டித்தின் குரல் அல்ல. பக்கத்து மேசையில் தனியாக உட்கார்ந்திருந்த ஏனார் ஹௌகன் சொன்னது. தொண்ணூறை நெருங்கும் நார்வேக்காரர். வாயைத் திறந்தால் கோடையிலும் பனி விழும் என்பார்கள், அவ்வளவு அபூர்வம். காதில் மாட்டும் கருவியைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு சாப்பிடுவார். அன்றைக்குப் பார்த்து மாட்டியிருந்தார் போலிருக்கிறது.

"என்ன சொன்னீங்க ஏனார்?" என்றான் லீலண்ட்.

"மூணு மணிக்கு ஊதலை. கயிறு என் கையிலதான் இருந்துச்சு. கொதிகலன் அறையில நான்தான் பொறுப்பு."

"ஏன் ஊதலை?"

"ஏன்னா என்ன அர்த்தம்?" காது கேளாதவர்கள் பேசுகிற உரத்த குரல், விடுதியின் கடைசி மேசைவரை போயிற்று. "சங்கு கத்தினா மைதானத்துல ஆளுங்க தூக்கிவாரிப் போட்டு எழுந்திருப்பாங்க. தம்பி செத்த பொண்ணு அங்க நின்னு பந்து போட்டுக்கிட்டு இருக்கா. நான் எப்படிய்யா ஊதுவேன்?"

பிராந்திக் கோப்பையில் பனிக்கட்டி நகர்ந்தது. விடுதியில் இளசுகள் ஒன்றும் புரியாமல் விழித்தன. வயதானவர்கள் எல்லாரும், ஒருவர் பாக்கி இல்லாமல், தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"ஏனார், வாயை மூடுய்யா," என்றாள் ஆர்டித் பல்லைக் கடித்துக்கொண்டு.

"என்ன?"

"வாயை மூடுன்னேன்."

"இத்தனை வருஷம் மூடிக்கிட்டுத்தானே இருந்தேன்," என்று சொல்லிவிட்டு ஏனார் முட்டைக்கோஸைக் கிளறத் தொடங்கினார்.

வெர்னா முட்கரண்டியை வைத்தாள். அதை வைப்பதற்குத் தேவையான நேரத்தைப் போல மூன்று மடங்கு எடுத்துக்கொண்டாள்.

"ஏனார், உங்களுக்கு எப்படித் தெரியும்?"

அவர் காதுக் கருவியைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டுவிட்டார்.

"ஆர்டித். அவருக்கு எப்படித் தெரியும்? நான் ஒருத்தர்கிட்டயும் சொல்லலை."

ஆர்டித் வெண்ணெய்க் கத்தியை வைத்தாள். மூச்சை உள்ளே இழுத்தாள். வழக்கமாக அதற்குப் பிறகு ஒரு பெரிய பொய் வரும். இந்த முறை வரவில்லை.

"போன்," என்றாள்.

"எல்லாரும் பூசைக்குப் போயிருந்தாங்க."

"கத்தோலிக்கங்க போயிருந்தாங்க. நான் லூத்தரன். எங்க கோயில்ல ஆராதனை பதினோரு மணிக்குத்தான்."

அந்தக் காலத்தில் தெரு முழுக்க ஒரே தொலைபேசிக் கம்பி. ஒரு வீட்டுக்கு மணி அடித்தால் எல்லா வீட்டிலும் அடிக்கும். நீளமாக ஒன்று குட்டையாக இரண்டு என்றால் கசாப்புக் கடைக்காரர் வீடு, நீளமாக இரண்டு என்றால் வெர்னா தங்கியிருந்த கொரெட்ஸ்கி அம்மாள் வீடு. யாருக்கு அடித்தாலும் எல்லாரும் எடுத்துக் கேட்பார்கள். மூச்சுவிடாமல், மாவுக் கையால் போனின் பேசும் வாயைப் பொத்திக்கொண்டு கேட்பார்கள். ஆனால் கேட்டது எதையும் கேட்டதாகக் காட்டிக்கொள்ளக் கூடாது. அது எழுதாத சட்டம். ஒருத்தி தன் பெண்ணுக்கு நிச்சயமானதைத் தெருவுக்கு வந்து அறிவித்தால், போன வாரமே போனில் கேட்டவர்கள் எல்லாரும் மூக்கில் விரல்வைத்து அதிசயப்பட வேண்டும். அந்தச் சட்டத்தை மீறி, கேட்டதைத் தெருவில் சொன்ன ஒருத்திக்கு அதற்கப்புறம் கார்வர் ஃபால்ஸில் ஒருவரும் ஒரு முட்டைகூடக் கடன் கொடுத்ததில்லை.

"நான் எதிர்வீட்டுல, கசாப்புக் கடைக்காரர் மாடியில குடியிருந்தேன்," என்றாள் ஆர்டித். "மணி அடிச்சா ஓடி எடுக்கறது என் பழக்கம். எனக்கு ஒரு பையன் பேசறதா இருந்துச்சு, அவன் இன்னிக்கு வரைக்கும் பேசலை. அது போகட்டும். எடுத்தேன். எங்க அம்மா போலந்துக்காரி. உங்க அப்பா சொன்னது எனக்கு ஒரு வார்த்தை விடாமப் புரிஞ்சுச்சு. ஏனாரோட அம்மாவும் எடுத்திருந்தாங்க. அவங்களுக்குப் போலிஷ் தெரியாது. ஆனா உங்க அப்பா அழுதாரே."

வெர்னாவுக்கு அப்பா அழுதது ஞாபகம் இல்லை. 'சரிப்பா' என்றதற்கு அப்புறம் அவர் அழுதிருக்க வேண்டும். அவள் மாட்டிவிட்டாள், மற்றவர்கள் மாட்டவில்லை.

"எத்தனை பேரு?"

"கம்பியில இருந்தவங்க கொஞ்சம் பேருதான். மத்தியானத்துக்குள்ள ஊருக்கே தெரியும். யாரும் யார்கிட்டயும் போன்ல கேட்டேன்னு சொல்லலை. ஆனா தெரியும். பூசை முடிஞ்சு வந்தவங்க படியிலேயே தெரிஞ்சுக்கிட்டாங்க. நீ கையுறையை எடுத்துக்கிட்டுத் தெருவுல நடந்து போறே. நாங்க எல்லாம் திரைச்சீலைக்குப் பின்னாடி நிக்கறோம். நீ சொல்லுவேன்னு பாத்தோம். நீ சொன்னா நாங்க அழலாம், கட்டிப் பிடிக்கலாம். நீ சொல்லலை. நாங்க எப்படிச் சொல்றது? வருத்தப்படறோம்னு சொன்னா, ஒட்டுக் கேட்டோம்னு சொன்ன மாதிரி ஆயிடுமே."

"அதனால பேசாம இருந்தீங்க."

"வேற என்ன பண்ணத் தெரியும் எங்களுக்கு? வாயைத் திறந்தா அதுதான் வெளிய வரும். அதான் திறக்கலை. முதல் பந்துலேர்ந்து. அம்பயர் கையால மட்டும் காட்டினாரு. எதிர் அணி தேனீக்கள் எப்படிப்பட்டவளுங்கன்னு உனக்குத் தெரியும், உன் பாவாடை நீளத்தைப் பத்தியே நாலு இன்னிங்ஸ் கத்துவாளுங்க. நம்ம கேட்சர் முகமூடிக்குள்ளேர்ந்து அவளுங்கள்ல முதல்ல அடிக்க வந்தவகிட்ட என்னமோ சொன்னா. அவ பெஞ்சுக்குப் போனா. அதுக்கப்புறம் ரீங்காரம்கூட இல்லை. ஆறாவது இன்னிங்ஸ்லதான் எனக்கே உறைச்சுது, அட, ஒருத்தியும் ஒரு ஹிட்டும் அடிக்கலையேன்னு. அப்புறம் ரெண்டு காரணத்துக்கு வாயை மூடினோம். பத்திரிகைக்காரரும் அந்தத் தெருதானே. எழுதினா, பந்து போட்டவளைப் பத்தி எழுதணும். உன்னைப் பத்தி எழுதினா, அதை எழுதாம இருக்க முடியாது. பேனாவை மூடி வெச்சுட்டாரு."

வெர்னா தட்டின் ஓரத்து முட்களை ஒவ்வொன்றாக எண்ணினாள். ஒவ்வொரு ஆகஸ்டிலும் அவள் வீட்டு வாசற்படியில் புளூபெர்ரிப் பழம் வைத்துச் சுட்ட அப்பம் ஒன்று இருக்கும். யார் வைத்தார்கள் என்று சீட்டு இருக்காது. காடு முழுக்கப் பழம், யாரோ செய்து மிஞ்சியதைத் தள்ளிவிட்டுப் போகிறார்கள் என்று நினைத்துத் தின்றுவிடுவாள். நாற்பது வருடமாக மிஞ்சுகிறதா என்று அவள் கேட்டுக்கொண்டதில்லை.

தனக்குள் ஏதாவது உடையும் என்று அவளே காத்திருந்தாள். எதுவும் உடையவில்லை. ஒரு கேள்விதான் வந்தது.

"அப்போ பாவம் பாத்து விட்டாளுங்களா?"

"யாரு?"

"தேனீக்கள். தம்பி செத்தவன்னு தெரிஞ்சு வேணும்னே அடிக்காம விட்டாளுங்களா? அப்படின்னா அது ஹிட் கொடுக்காத ஆட்டம் இல்லை. அது பிச்சை. பலகையில போட வேண்டாம்."

ஆர்டித் அவளை உற்றுப் பார்த்தாள். பிறகு, அன்று மாலை முதல் தடவையாக, உண்மையான சந்தோஷத்தோடு சிரித்தாள்.

"இர்மா ஸ்டோல்ட்ஸ் உனக்கு விட்டுக் கொடுப்பாளா? சொந்த ஆத்தாளுக்கு விட்டுக் கொடுக்க மாட்டா அவ. ஒன்பதாவது இன்னிங்ஸ், ரெண்டு அவுட்டு, கடைசியா அடிக்க வந்தவ அவதான்; அவ அவுட்டானா ஆட்டம் முடிஞ்சுது. அந்த மாதிரி நேரத்துல மானமுள்ள எவளும் பந்தைச் சும்மா தொட்டு வெச்சுட்டு ஓட மாட்டா. அடிச்சா அடி, இல்லேன்னா போ. எப்படியாவது ஒரு ஹிட் எடுக்கணும்னு அவ தொட்டு வெச்சா. மூணாவது பேஸ் கோட்டோரமா, புழு மாதிரி ஊர்ந்து வருது பந்து. நான் ஓடி வந்து வெறுங்கையால அள்ளினேன்."

வலது கையை நீட்டினாள். நடுவிரல் இரண்டாவது கணுவில் வெளிப்பக்கமாகத் திரும்பி, வேறு யாரையோ சுட்டிக்காட்டிக்கொண்டிருந்தது. அந்த விரலைப் பற்றி ஊரில் ஏழெட்டுக் கதை உண்டு. கரடி கடித்தது, ஆலை இயந்திரத்தில் மாட்டியது, ஒரு செனட்டரின் கன்னத்தில் பட்டது.

"பந்தும் தரையும் நடுவுல விரலை வெச்சு மடக்கிடுச்சு. அப்படியே முதல் பேஸுக்குத் தூக்கிப் போட்டேன். ஒரு மயிரிழையில அவுட்டு. எலும்பு முறிஞ்ச சத்தம் எனக்கே கேட்டுச்சு. அவ்வளவு அமைதி."

வெர்னா அந்த விரலைப் பார்த்தாள்.

அந்த நாளில் அவளிடம் மிச்சம் இருந்தவற்றில் இதுவும் ஒன்று. அவள் அதை எங்கே வைப்பது என்று தெரியாமலே வைத்திருந்தாள். மூன்றாவது பேஸ் கோட்டருகில் ஆர்டித் மண்டியிட்டிருக்கிறாள். ஒரு கையால் இன்னொரு கையைப் பிடித்திருக்கிறாள். வாய் முழுசாகத் திறந்திருக்கிறது, கழுத்து நரம்பு புடைத்திருக்கிறது, முகம் செங்கல்போல ஆகியிருக்கிறது. சத்தம் மட்டும் வரவில்லை. எதிரில் ஒருத்தி அப்படிக் கத்துகிறாள், எனக்குக் கேட்கவில்லை, நான் அவ்வளவு தூரம் செத்துப்போய்விட்டேன் என்று வெர்னா நினைத்தாள். அன்றிலிருந்து தன்னைப் பற்றி அவள் நினைத்துக்கொண்டதெல்லாம் அந்த வாயிலிருந்து தொடங்கியதுதான்.

"உன் வாய் திறந்திருந்துச்சு," என்றாள் வெர்னா.

"திறந்துதான் இருந்துச்சு. உசுரு போற வலி."

"கத்தினே. எனக்குக் கேக்கலை."

"நான் கத்தலைடி."

"வாய் திறந்திருந்துச்சே."

"திறந்தேன். கத்த வந்துச்சு. நீ அங்க பந்து போடற மேட்டுல நின்னுக்கிட்டு என்னையே பாக்கறே. எல்லாரும் அவ்வளவு நேரம் காப்பாத்தி வெச்சிருக்காங்க. நான் ஒருத்தி விரலுக்காக அதைக் கெடுக்கவா? முழுங்கிட்டேன். இன்னும் இங்கதான் இருக்கு," என்று ஆர்டித் தொண்டையைத் தொட்டுக் காட்டினாள். "அதனாலதான் இவ்வளவு பேசறேன்னு வெச்சுக்கோயேன்."

யாரோ சிரித்தார்கள். சிரித்தவர் உடனே நிறுத்திக்கொண்டார்.

லீலண்ட் கையில் இருந்த கோப்பையை எங்கே வைப்பது என்று தெரியாமல் பிடித்துக்கொண்டிருந்தான். வெர்னா கூடையிலிருந்து ஒரு துண்டு கறுத்த ரொட்டி எடுத்துப் பிட்டு வாயில் போட்டாள். மென்றாள். ரொட்டியில் இருந்த சீரகம் ஒன்று பல்லில் அகப்பட்டது. கொஞ்சம் கசந்தது.

"அவன் பேரு ரோமன்," என்றாள் லீலண்டிடம்.

"சரிங்க."

"பலகையில போட வேண்டாம். சும்மா தெரிஞ்சுக்கோ."

"சரிங்க. அப்போ அந்த வரி?"

ஆர்டித் மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். நாற்பது வருடமாக இதே மேசையிலிருந்து பொய் சொன்னவள், இப்போது ஒரே ஒரு வார்த்தைக்காக மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தாள். பின்னால் சமையலறையில் எண்ணெய் பொரிந்துகொண்டிருந்தது. வெர்னாவுக்கு அது கேட்டது.

"நாலாயிரம் பேரு இல்லை," என்றாள் வெர்னா. "ரயிலும் பொய்."

"ரயில் மெதுவாத்தான் போச்சு," என்றாள் ஆர்டித், தாங்க முடியாமல்.

"ரயில் பொய்." வெர்னா இன்னொரு துண்டு ரொட்டி பிட்டாள். "சங்கு ஊதலை. நான் என் காதுதான் செத்துப்போச்சுன்னு நினைச்சேன். முதல் பந்துலேர்ந்து கடைசிப் பந்து வரைக்கும் ஒருத்தரும் பேசலை லீலண்ட். ஹிட்டும் கொடுக்கலை. போட்டுக்கோ, அது நடந்துச்சு."